ரேஷன் கடை விற்பனையாளருக்குப் பணியிடை நீக்க உத்தரவு வந்தால்: புதிதாகச் சேர்ந்தவர்களுக்கு ஒரு வழிகாட்டி

கொங்கு மாவட்டங்களில் 2022-க்குப் பிறகு மாவட்ட ஆள்சேர்ப்பு நிலையங்கள் மூலம் ரேஷன் கடைகளுக்கு விற்பனையாளர்களும், சரக்கை எடை போட்டுத் தரும் கட்டுநர்களும் புதிதாகச் சேர்ந்திருக்கிறார்கள். பட்டம் படித்துவிட்டு வந்தவர்கள், பனியன் கம்பெனி வேலையை விட்டு வந்தவர்கள், கைக்குழந்தையை மாமியாரிடம் விட்டுவிட்டு வரும் பெண்கள் எனப் பலரும் இதில் உண்டு. விற்பனையாளருக்கு முதல் ஓராண்டு தொகுப்பூதியம் 6,250 ரூபாய். அதன் பிறகுதான் காலமுறை ஊதியம். அந்தச் சம்பளத்துக்கு ஒரு கடையின் அரிசி, சர்க்கரை, பருப்பு, பாமாயில், கோதுமை அத்தனைக்கும் அவர் பொறுப்பு. பில் போடுவது எப்படி என்று முதல் நாளே சொல்லித் தருகிறார்கள். ஆய்வுக்கு ஆள் வந்தால் எப்படி நடந்துகொள்வது, மறுநாள் பணியிடை நீக்க உத்தரவு வந்தால் என்ன செய்வது என்பதை யாரும் சொல்லித் தருவதில்லை.

ரேஷன் அரிசியைக் கடத்துபவருக்கு வக்காலத்து வாங்க இதை எழுதவில்லை. வாளையாறு, வேலந்தாவளம், கோபாலபுரம் பக்கமாக அரிசி கேரளத்துக்குப் போவதும் பிடிபடுவதும் நம் ஊர்ச் செய்தித்தாளில் அடிக்கடி வருபவை. அதில் கை நனைத்தவர் தண்டனை பெறத்தான் வேண்டும். ஆனால் மூட்டை எடை குறைந்து வந்ததால் மாட்டிக்கொண்டவரும் அதே மாதிரி உத்தரவைத்தான் கையில் வாங்குகிறார். இருவரையும் பிரித்துக் காட்ட முறையான விசாரணையைத் தவிர வேறு வழி கிடையாது. அந்த விசாரணை கேட்டு வாங்குபவருக்குத்தான் கிடைக்கிறது. வாயால் கேட்டால் போதாது, எழுத்தில் கேட்க வேண்டும்.

உங்களை நீக்கும் அதிகாரம் யாருக்கு

வாளையாற்றைத் தாண்டினால் ரேஷன் கடை பெரும்பாலும் தனிநபர் உரிமத்தில் நடக்கும். உத்தரப் பிரதேசத்திலும் அப்படித்தான். அதனால் நீதிமன்றத் தீர்ப்புகளிலும் செய்திகளிலும் ‘டீலர் உரிமம் நிறுத்திவைப்பு’ என்று வருவது அவர்கள் கதை. தமிழ்நாட்டில் பெரும்பாலான கடைகளைக் கூட்டுறவுச் சங்கங்களே நடத்துகின்றன. குறைந்த எண்ணிக்கையில் நுகர்பொருள் வாணிபக் கழகமும் மகளிர் சுய உதவிக் குழுக்களும் நடத்துகின்றன. சங்கக் கடையில் இருப்பவருக்கு உரிமம் கிடையாது, வேலைதான் உண்டு. எனவே நிறுத்தப்படுவது வேலைதான்.

கடைக்குள் வந்து ஆய்வு செய்பவர்கள் பலர்: வட்ட வழங்கல் அலுவலர், வருவாய் ஆய்வாளர், பறக்கும் படை, கூட்டுறவு சார்பதிவாளர், சில நேரம் குடிமைப் பொருள் குற்றப் புலனாய்வுத் துறை. இவர்கள் எல்லோரும் அறிக்கை எழுதலாம், நடவடிக்கைக்குப் பரிந்துரைக்கலாம். பணியிடை நீக்க உத்தரவில் கையெழுத்திட வேண்டியவர் உங்களை நியமித்த சங்கத்தின் தலைவரோ, நிர்வாகக் குழு இல்லாதபோது சங்கத்தை நடத்தும் அரசு அலுவலரான செயலாட்சியரோ, சங்கத்தின் சொந்த விதிகளான துணைவிதிப்படி அந்த அதிகாரம் பெற்றவரோதான். அவரும் அறிக்கையைப் படித்துத் தன் மனதால் முடிவெடுக்க வேண்டும். ‘மேலிடம் சொன்னது, போட்டுவிட்டேன்’ என்பது சட்டத்தின் முன் நிற்காது. உத்தரவின் வாசகத்திலேயே ‘வழங்கல் அலுவலரின் அறிவுறுத்தலின்படி’ என்று மட்டும் இருந்து, சங்கம் தானாக எதையும் பரிசீலித்ததற்கான தடயம் இல்லாவிட்டால், அந்த வரியை அடிக்கோடிட்டு வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் பயன்படும்.

ஆய்வு நாளில்

வழக்கின் பாதி இந்த ஒரு மணி நேரத்தில் முடிந்துவிடுகிறது. ஆகவே இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்.

இருப்பு சரிபார்க்கும்போது பில் போடும் விற்பனை முனையக் கருவி காட்டும் இருப்பையும், கடையில் உள்ள சரக்கையும் ஒப்பிடுவார்கள். வித்தியாசம் வந்தால் அது ‘இருப்புக் குறைவு’ அல்லது ‘இருப்பு அதிகம்’ என்று எழுதப்படும். அந்த எண்ணிக்கை எப்படி வந்தது என்பதுதான் பிறகு முழு வழக்கும்.

ஓர் எடுத்துக்காட்டு. கடையில் 40 அரிசி மூட்டைகள் தையல் பிரிக்காமல் அடுக்கியிருக்கின்றன. கணக்குப்படி மூட்டைக்கு 50 கிலோ. கிடங்கிலிருந்து வரும்போதே ஒவ்வொன்றிலும் ஒன்றரைக் கிலோ குறைந்திருந்தால், மொத்தம் 60 கிலோ குறைவு. மூட்டைகளை எண்ணி 50-ஆல் பெருக்கினால் இந்தக் குறைவு தெரியாது; எடை போட்டால் உங்கள் தலையில் விழும். தையல் பிரிக்காத மூட்டையின் எடைக் குறைவுக்கு விற்பனையாளர் எப்படிப் பொறுப்பாவார்? ஆனால் அறிக்கையில் ‘அரிசி 60 கிலோ குறைவு’ என்று ஒரே வரி எழுதிவிட்டால், அது தைத்த மூட்டையில் குறைந்ததா, பிரித்த மூட்டையில் குறைந்ததா என்பது யாருக்கும் தெரியாமலே போய்விடும். எனவே, ‘தையல் பிரிக்காத மூட்டை எத்தனை, அவற்றின் எடை எவ்வளவு, பிரித்த மூட்டையில் எவ்வளவு, காலிச் சாக்கு எத்தனை’ என்று தனித்தனியாக எழுதச் சொல்லுங்கள். சாக்கின் எடை கழிக்கப்பட்டதா என்பதையும் குறிக்கச் சொல்லுங்கள்; சணல் சாக்கு ஒன்று அரைக் கிலோவுக்கு மேல் இருக்கும். தராசு சரியாக இருக்கிறதா, அதன் முத்திரை எந்தத் தேதி வரை செல்லும் என்பதும் அறிக்கையில் வரட்டும்.

இப்போது தாயுமானவர் திட்டத்தில் மூத்தவர்களுக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் வீட்டுக்கே பொருள் போகிறது. வண்டியில் சரக்கு வெளியே போயிருக்கும் நேரத்தில் கடையில் ஆய்வு நடந்தால் இருப்பு இடிக்கும். எந்தப் பொருள் எத்தனை கிலோ வண்டியில் ஏறியது என்று ஏற்றும்போதே ஒரு நோட்டில் எழுதி, வண்டியோடு போகிறவரிடம் கையெழுத்து வாங்கி வையுங்கள். தாளவாடி, பர்கூர் மலைப் பக்கம் சிக்னல் கிடைக்காமல் கருவி நின்றுபோகும் நாள்களையும் அதே நோட்டில் தேதி, நேரத்தோடு குறித்துவையுங்கள். அன்றாடம் எழுதப்பட்ட நோட்டுக்கு விசாரணையில் மதிப்பு உண்டு. உத்தரவு வந்த பிறகு எழுதியதற்கு இல்லை.

கடைசியில் கையெழுத்து. ‘அம்மணி, இப்போதைக்கு ஒரு கையெழுத்தைப் போடுங்கள், அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்’ என்று தன்மையாகத்தான் சொல்வார்கள். கையெழுத்துப் போட மறுத்துச் சண்டை பிடிக்க வேண்டாம். அதுவே தனிக் குற்றச்சாட்டாகிவிடும். படித்துப் பார்த்து, ஒப்புக்கொள்ளாத இடத்தில் ‘மூட்டைகள் என் முன்னிலையில் எடை போடப்படவில்லை’ என்றோ, ‘வித்தியாசத்தை ஏற்கவில்லை, விளக்கம் தருகிறேன்’ என்றோ சொந்தக் கையால் எழுதி, அதன் கீழே கையெழுத்திடுங்கள். எழுதாத வெற்றுத் தாளில் எந்தக் காரணத்துக்காகவும் கையெழுத்திடக் கூடாது. ஒரு நகல் கேளுங்கள்; தர மறுத்தால் கைபேசியில் படம் எடுக்க அனுமதி கேளுங்கள்; அதுவும் மறுக்கப்பட்டால் அன்று மாலையே சங்கத்துக்கு ஒரு கடிதம் எழுதி, நடந்ததைப் பதிவு செய்யுங்கள்.

‘குறைவுக்கான தொகையைக் கட்டிவிட்டால் இத்தோடு முடிந்துவிடும்’ என்ற பேச்சும் வரும். பல நேரம் முடிவதில்லை. கட்டிய ரசீதையே ‘குற்றத்தை ஒப்புக்கொண்டு பணம் செலுத்தினார்’ என்று, குற்றச்சாட்டுகளைச் சொல்லி விளக்கம் கேட்கும் குறிப்பாணையில் எழுதுகிறார்கள். கட்டித்தான் ஆக வேண்டும் என்றால், ‘ஆட்சேபத்துடன் செலுத்துகிறேன், குற்றத்தை ஒப்புக்கொள்ளவில்லை’ என்று கடிதம் கொடுத்துவிட்டுக் கட்டுங்கள்.

உத்தரவு கைக்கு வந்ததும்

பணியிடை நீக்கம் தண்டனை ஆகாது. விசாரணை முடியும்வரை ஆவணங்களிலும் சாட்சிகளிலும் கை வைக்காமல் ஒதுக்கி வைப்பது என்பதுதான் அதன் பொருள். இதனால்தான் ‘முன்னறிவிப்பு தராமல் நீக்கிவிட்டார்கள்’ என்ற ஒரே காரணத்தைப் பிடித்துக்கொண்டு போனால் பெரும்பாலும் எடுபடுவதில்லை. பலரும் இங்கேதான் சக்தியை வீணாக்குகிறார்கள். உத்தரவுக்குப் பிறகு என்ன நடக்கிறது, எவ்வளவு சீக்கிரம் நடக்கிறது என்பதில்தான் உங்கள் உரிமை இருக்கிறது.

உத்தரவைப் பெற்றுக்கொண்ட தேதியையும் நேரத்தையும் அதன் மேலேயே எழுதிக் கையெழுத்திடுங்கள். கெடு எல்லாம் அந்தத் தேதியிலிருந்துதான் ஓடும். பிறகு ‘பார்வை’ என்று போட்டிருக்கும் பகுதியைப் படியுங்கள். அலுவலகக் கடிதங்களில் பலரும் தாண்டிப் போகும் இடம் அது. எந்தெந்த அறிக்கை, எந்தெந்தக் கடிதத்தின் அடிப்படையில் உங்கள் மீது நடவடிக்கை வந்திருக்கிறது என்பது அங்கேதான் இருக்கும். அதில் உள்ள ஒவ்வொன்றின் நகலையும் கேட்க உங்களுக்கு உரிமை உண்டு.

கடைச் சாவி, கருவி, சரக்கு, பணம் ஆகியவற்றை ஒப்படைக்கும்போது இருப்பைச் சரிபார்த்து, இரு தரப்பும் கையெழுத்திட்ட பட்டியலில் ஒரு பிரதியை நீங்கள் வைத்துக்கொள்ளுங்கள். அட்டைதாரர்களுக்குப் பொருள் கிடைப்பது உங்கள் வழக்கால் நிற்கக் கூடாது. சாவியைத் தராமல் இழுத்தடித்தால் ஊர் முழுவதும் உங்களுக்கு எதிராகத் திரும்பும், நியாயமாகவே திரும்பும்.

அடுத்த சில நாள்களுக்குள் இப்படி ஒரு கடிதம் போக வேண்டும்:

பெறுநர்: தலைவர் / செயலாட்சியர், (சங்கத்தின் பெயர்)
பொருள்: பணியிடை நீக்க உத்தரவு – ஆவண நகல்கள் கோருதல் – தொடர்பாக
பார்வை: தங்கள் உத்தரவு எண் …, நாள் …

ஐயா / அம்மையீர், பார்வையில் கண்ட உத்தரவு … தேதியில் எனக்குக் கிடைத்தது. அதில் சொல்லப்பட்ட குற்றச்சாட்டுகளை நான் ஒப்புக்கொள்ளவில்லை. முழுமையான விளக்கம் அளிக்க, ஆய்வறிக்கை, இருப்புச் சரிபார்ப்புப் பட்டியல், புகார் மனு, புகார்தாரரின் வாக்குமூலம், ஆய்வு நாளன்று கருவி காட்டிய இருப்பு அறிக்கை, கிடங்கிலிருந்து கடைசியாக வந்த சரக்குக்கான சீட்டுகள், உத்தரவின் பார்வையில் குறிப்பிட்ட கடிதங்கள் ஆகியவற்றின் நகல்கள் தேவை. நகல் தர இயலாதவற்றை நேரில் பார்த்துக் குறிப்பெடுக்க அனுமதிக்க வேண்டுகிறேன். நகல்கள் கிடைத்த நாளிலிருந்து 15 நாள் அவகாசம் அளிக்க வேண்டுகிறேன். எனக்குச் சேர வேண்டிய பிழைப்பூதியத்தை மாதந்தோறும் வழங்க வேண்டுகிறேன்.

நேரில் கொடுத்தால் பிரதியில் தேதியோடு முத்திரை வாங்குங்கள். வாங்க மறுத்தால் ஒப்புகை வரும்படியான அஞ்சலில் அனுப்புங்கள்.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனுப் போடுவோர் ஒன்றைக் கவனிக்க வேண்டும். கூட்டுறவுச் சங்கம் தானாகவே அந்தச் சட்டத்தின் கீழ் வந்துவிடாது என்று 2013-ல் கேரளத்துச் சங்கம் ஒன்றின் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆகவே மனுவைச் சங்கத்துக்கு அனுப்பாமல், சரகத் துணைப் பதிவாளர் அலுவலகத்துக்கும் மாவட்ட வழங்கல் அலுவலகத்துக்கும் அனுப்புங்கள். அவர்களுக்குப் பதில் தர 30 நாள் கெடு உண்டு.

பிழைப்பூதியம்

இதைச் சலுகை என்று நினைத்துக்கொண்டு பலர் கேட்பதே இல்லை. 1981-ஆம் ஆண்டின் தமிழ்நாடு பிழைப்பூதியச் சட்டப்படி, பணியிடை நீக்கத்தில் இருப்பவருக்கு முதல் 90 நாள் ஊதியத்தில் பாதி, அதற்கு மேல் 180 நாள் வரை முக்கால் பங்கு, 180 நாளைத் தாண்டினால் முழு ஊதியம் தர வேண்டும். தாமதத்துக்கு ஊழியரே காரணமாக இருக்கக் கூடாது என்பது நிபந்தனை. இதனால்தான் விசாரணைக்கு வராமல் நாள் கடத்தக் கூடாது. தொகுப்பூதியத்தில் இருப்பவருக்குப் பாதி என்றால் 3,125 ரூபாய். சிறிய தொகைதான். ஆனால் அதைத் தராமலே விசாரணை நடத்தி, பஸ் கட்டணத்துக்கு வழியில்லாதவர் வராததால் ஒருதலைப்பட்சமாக முடித்த நடவடிக்கையை 1999-ல் கேப்டன் பால் அந்தோணி வழக்கில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. பிழைப்பூதியம் வராவிட்டால் ஒவ்வொரு மாதமும் எழுதிக் கேளுங்கள். தொழிலாளர் துறையிடமும் முறையிடுங்கள்.

உத்தரவு எத்தனை நாள் நீடிக்கலாம்? மூன்று மாதத்துக்குள் குற்றச்சாட்டுக் குறிப்பாணை தராமல் பணியிடை நீக்கத்தை நீட்டிக்கக் கூடாது என்று 2015-ல் அஜய் குமார் சௌத்ரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அது அரசு ஊழியர் வழக்கு என்றாலும் சங்க ஊழியரும் எடுத்துக்காட்டலாம். மூன்று மாதம் ஆனதும் உத்தரவு தானாகச் செத்துவிடும் என்று எண்ணி வீட்டில் உட்கார்ந்துவிடாதீர்கள். அந்தத் தீர்ப்பைச் சுட்டி, மறுபரிசீலனை செய்யச் சொல்லி நீங்கள்தான் மனுக் கொடுக்க வேண்டும்.

குறிப்பாணைக்கு விளக்கம்

நல்ல குறிப்பாணையில் தேதி, பொருள், அளவு, எந்த விதி மீறப்பட்டது, என்ன ஆதாரம் எல்லாம் இருக்கும். ‘கடையைச் சரிவர நடத்தவில்லை’, ‘போலிப் பட்டியல் போட்டார்’ என்று மொட்டையாக இருந்தால், எந்த அட்டைக்கு, எந்த நாளில் என்று கேட்டு முதலில் எழுதுங்கள். குறிப்பாணையிலேயே ‘குற்றம் நிரூபணமாகிவிட்டது, ஏன் வேலையை விட்டு நீக்கக் கூடாது’ என்று கேட்டிருந்தால், விளக்கம் கேட்பதற்கு முன்பே முடிவெடுத்துவிட்டார்கள் என்று பொருள். இப்படி மனதை மூடிக்கொண்டு அனுப்பும் அறிவிப்பு செல்லாது என்று 2010-ல் ஓரிக்ஸ் ஃபிஷரீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. உங்கள் விளக்கத்தின் முதல் பத்தியிலேயே இதைக் குறிப்பிடுங்கள்.

குற்றச்சாட்டு ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாகப் பதில் எழுதுங்கள். ‘வாங்காத பொருளுக்குக் குறுஞ்செய்தி வந்தது’ என்பது இங்கே அதிகம் வரும் புகார். சோமனூர், பல்லடம் பக்கம் விசைத்தறி ஷிப்டில் இருப்பவர் வர முடியாமல் வீட்டில் வேறு யாரையாவது அனுப்புவார். கைபேசி எண் அவருடையதாக இருக்கும். பொருள் வீட்டுக்கு வந்தது அவருக்கே தெரியாது. அந்த அட்டைக்கு யார் விரல் வைத்தார்கள் என்பது கருவியின் பதிவில் இருக்கும். அதைக் கேட்டு வாங்குங்கள். ஊகமாக எதையும் எழுத வேண்டாம். அழுகையும் கெஞ்சலும் விளக்கத்தில் வேண்டாம். தவறு நடந்திருந்தால் நடந்ததை நடந்தபடி சொல்லி, எந்தச் சூழலில் நடந்தது என்பதை எழுதுங்கள். கெடுவுக்குள் முடிக்க முடியாவிட்டால் கெடு முடியும் முன்பே அவகாசம் கேளுங்கள்.

விசாரணை நடக்கும் இடத்தில்

ஆய்வு செய்தவரே விசாரணை அலுவலராக நியமிக்கப்பட்டிருந்தால் முதல் நாளே எழுத்தில் ஆட்சேபம் தெரிவியுங்கள். அறிக்கை பாதகமாக வந்த பிறகு சொன்னால் அதற்கு வலு இருக்காது. சக ஊழியர் ஒருவரை உதவிக்கு வைத்துக்கொள்ள அனுமதி கேளுங்கள். புகார் கொடுத்தவரை நேரில் அழைத்து, அவரிடம் கேள்வி கேட்க வாய்ப்புத் தரச் சொல்லுங்கள். அவர் வரவே இல்லை, எழுதிக் கொடுத்த புகார் மட்டும்தான் இருக்கிறது என்றால், அதையும் அன்றைய நடவடிக்கைக் குறிப்பில் பதியச் சொல்லுங்கள். குறிப்பின் ஒவ்வொரு பக்கத்தையும் படித்த பிறகு கையெழுத்திடுங்கள்.

விசாரணை அறிக்கையின் நகலை உங்களுக்குத் தந்து, அதன் மீது உங்கள் கருத்தைக் கேட்ட பிறகுதான் தண்டனை பற்றி முடிவெடுக்க வேண்டும். 1993-ல் கருணாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் உறுதி செய்த உரிமை இது. பல சங்கங்களில் இந்தப் படியைத்தான் தாண்டிவிடுகிறார்கள்.

பாதகமான உத்தரவு வந்தால்

முதலில் சங்கத்தின் துணைவிதியில் மேல்முறையீட்டுக்கு வழி இருக்கிறதா பாருங்கள். அடுத்தது, 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டப் பிரிவு 153-ன் கீழ் மண்டல இணைப் பதிவாளரிடம், உத்தரவை மறுபடி ஆராயக் கோரும் சீராய்வு மனு. உத்தரவு கிடைத்த ஒரு மாதத்துக்குள் கொடுத்துவிடும் பழக்கம் நல்லது. சங்கத்துக்கு நட்டம் என்று உங்களிடம் வசூலிக்கப் பிரிவு 87-ன் கீழ் தண்டத்தீர்வை நடவடிக்கை தனியாக வரலாம். அதிலும் உங்கள் தரப்பைக் கேட்டாக வேண்டும். அதன் மேல்முறையீடு மாவட்ட நீதிபதியிடம் போகும். பணியிடை நீக்க வழக்கை மட்டும் பார்த்துக்கொண்டு இதைக் கவனிக்காமல் விட்டவர்கள் பின்னால் வீட்டுப் பத்திரத்தை எடுத்துக்கொண்டு அலைந்திருக்கிறார்கள்.

நேராக உயர் நீதிமன்றம் போகலாமா என்று கேட்பார்கள். நாமக்கல் சரகத் துணைப் பதிவாளர் எதிர்மனுதாரராக இருந்த வழக்கில் 2006-ல் சென்னை உயர் நீதிமன்றத்தின் பெரிய அமர்வு, கூட்டுறவுச் சங்கத்தின் எல்லா நடவடிக்கைக்கும் எதிராக ரிட் மனு போட முடியாது, சட்டம் விதித்த கடமையை மீறுவது போன்ற சூழல்களில்தான் முடியும் என்று எல்லை வகுத்தது. எனவே சீராய்வை முடித்துவிட்டுப் பதிவாளரின் உத்தரவை எதிர்த்துப் போவது உறுதியான வழி. கோவை, திருப்பூர், ஈரோடு, நாமக்கல், சேலம், நீலகிரிக்காரர்கள் சென்னைக்குப் போக வேண்டும். கரூர்க்காரர்களுக்கும், திண்டுக்கல் மாவட்டத்தில் இருக்கும் பழனிக்காரர்களுக்கும் மதுரைக் கிளை.

குற்றப் புலனாய்வுத் துறை வழக்குப் பதிந்திருந்தால், அது 1982-ஆம் ஆண்டின் அட்டை முறை விநியோக ஆணையையும் 1955-ஆம் ஆண்டின் அத்தியாவசியப் பொருள்கள் சட்டத்தையும் சேர்த்து வரும். அங்கே விளக்கக் கடிதம் எழுதிப் பயனில்லை. உடனே வழக்கறிஞரைப் பாருங்கள். துறை விசாரணையில் நீங்கள் எழுதிக் கொடுப்பது அந்த வழக்கிலும் திரும்பி வரும் என்பதால், விளக்கத்தை அவரிடம் காட்டாமல் கொடுக்காதீர்கள். பறிமுதல் செய்த சரக்கையோ வண்டியையோ அரசுடைமையாக்க அந்தச் சட்டத்தின் பிரிவு 6பி-ன்படி எழுத்தில் அறிவிப்பும் நேரில் கேட்கும் வாய்ப்பும் கட்டாயம்.

மகளிர் குழு நடத்தும் கடையாக இருந்தால் நிறுத்தப்படுவது குழுவுக்குக் கொடுத்த அங்கீகாரம். எந்த ஆணையின் எந்தப் பிரிவின் கீழ் நிறுத்தினார்கள், எத்தனை நாளைக்கு, எப்போது கேட்பார்கள் என்று குழுவின் தீர்மானத்தோடு மாவட்ட வழங்கல் அலுவலருக்கு எழுதுங்கள். ஒரு உறுப்பினர் செய்த தவறுக்கு மொத்தக் குழுவையும் நீக்குவது அளவுக்கு மீறிய தண்டனை என்று வாதாட இடம் உண்டு.

மீண்டும் கடைக்குப் போகும்போது

பணியிடை நீக்கம் ரத்தானால், அந்தக் காலம் பணிக்காலமாகக் கருதப்படுமா, மீதி ஊதியம் உண்டா என்பதற்கு உத்தரவில் ஒரு வரி இருக்க வேண்டும். இல்லாவிட்டால் சேரும் முன்பே எழுதிக் கேளுங்கள். ஓய்வுபெறும்போது கிளறினால் கோப்பு கிடைக்காது. இடைக்காலத்தில் கடையைப் பார்த்தவரிடமிருந்து பொறுப்பேற்கும் நாளில், வாசலில் எத்தனை அட்டைதாரர்கள் காத்திருந்தாலும், தைத்த மூட்டை, பிரித்த மூட்டை, காலிச் சாக்கு, பாமாயில் பாக்கெட், கருவி காட்டும் இருப்பு அனைத்தையும் எண்ணி எடை போட்டு, சங்கச் செயலாளர் முன்னிலையில் கையெழுத்து வாங்கிய பிறகே முதல் பில்லைப் போடுங்கள்.